318 நாட்கள்: படுவான்கரை வளவு வழக்கொன்றில் விளக்கப்படாமல் போன தாமதம்

ஆட்கள் அடையாளம் காணப்படாதிருக்க உண்மைத் திகதிகள் தவிர்க்கப்பட்டுள்ளன. ஒருதலைத் தீர்ப்பை நீக்கும்படி எதிராளி கேட்ட விண்ணப்பத்தை மாவட்ட நீதிமன்றம் மறுத்துக் கட்டளையிட்ட நாளை 0 எனக் கொண்டு மற்ற நாட்கள் எண்ணப்பட்டுள்ளன. அது ஒரு செவ்வாய்க்கிழமை.

பின்னணி

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரைக் கிராமமொன்றில் 42 பேர்ச் வளவு. ஓட்டு வீடு, கட்டுக் கிணறு, பதினான்கு தென்னை. எதிராளி அறுபது கடந்த விதவை. இப்பகுதியில் வீடுவளவு மகளுக்குச் சீதனமாகப் போவதே வழமை. தாய் அந்த முறையில் எழுதிக் கொடுத்த உறுதியின் பேரில், 2007 இடம்பெயர்வின் சில மாதங்கள் தவிர, முப்பது ஆண்டுக்கு மேல் அங்கேயே குடியிருந்தவர்.

வழக்காளி அவருடைய தமையனின் மகன். அதே தாய் அதற்கு முன்னர் தமையனுக்கு எழுதிய நன்கொடை உறுதியை வைத்து, உரித்துப் பிரகடனமும் வெளியேற்றமும் கேட்டு வழக்குத் தாக்கல் செய்தார். முந்திய உறுதியில் நன்கொடையை ஏற்றுக்கொண்டதற்கான கையொப்பம் இல்லை. அது தவிர, 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்க காலவிதிப்புக் கட்டளைச்சட்டத்தின் 3ஆம் பிரிவு சொல்லும் பத்தாண்டு ஆட்சி, அதாவது காணியை அனுபவித்து வருதல், எதிராளியின் கையில் மூன்று மடங்காக இருந்தது. சொல்ல வேண்டிய விடை இருந்த வழக்கு இது. அந்த விடை எந்த நீதிமன்றத்திலும் ஒருநாளும் விசாரிக்கப்படவில்லை.

அழைப்பாணை ஒழுங்காகக் கிடைத்தது. சட்டத்தரணியை நியமிக்கும் பத்திரமான புறொக்சியும் போடப்பட்டது. எழுத்துமூல விடை தாக்கல் செய்யக் குறித்த இரண்டாவது தவணையன்று எதிராளி குடலிறக்கச் சத்திரசிகிச்சைக்காக வாட்டில் இருந்தார். சட்டத்தரணியின் நாட்குறிப்பில் தவணை ஒரு வாரம் பிந்திய திகதியில் எழுதப்பட்டிருந்தது. விடையும் இல்லை, தவணை கேட்க ஆளும் இல்லை. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 84ஆம் பிரிவின்படி வழக்கு, எதிராளி தரப்பு இல்லாமலே, ஒருதலை விசாரணைக்கு எடுக்கப்பட்டது. நீதிமன்ற வாசலில் இதை ‘எக்ஸ்பாட்டி’ என்பார்கள். தீர்ப்பு வழக்காளிக்குச் சார்பானது. தீர்ப்பின்படி எழுதப்பட்ட நீதிமன்ற ஆணையான டிக்கிரியை, நீதிமன்ற அலுவலரான பிஸ்கால் எதிராளியின் கையிலேயே கொடுத்துக் கையொப்பம் வாங்கினார்.

முதல் பதினான்கு நாள்

இத்தகைய தீர்ப்புக்கு எதிராக நேரே மேன்முறையீடு கிடையாது. அதே நடவடிக்கைமுறைக் கோவையின் 88(1) பிரிவு அதை மூடிவிடுகிறது. திறந்திருப்பது 86(2) மட்டும். டிக்கிரி கையளிக்கப்பட்டு 14 நாளுக்குள், வராமல் போனதற்கு நியாயமான காரணம் இருந்ததெனக் காட்டி விண்ணப்பிக்க வேண்டும். 86(3)இன்படி அந்த விண்ணப்பம் மனுவாகவும் சத்தியக்கடதாசியோடும் இருக்க வேண்டும்.

டிக்கிரி கிடைத்த பதினோராவது நாள் சட்டத்தரணி தாக்கல் செய்தது வெறும் நகர்த்தல் பத்திரம், அதாவது ஒரு சாதாரணக் கோரிக்கைத் தாள். வழக்கைக் கூப்பிடும்படி கேட்டு, வைத்தியசாலை அட்டையின் போட்டோப் பிரதியைப் பின்னால் குத்தியிருந்தார். மனுவும் சத்தியக்கடதாசியும் வந்தது இருபத்துமூன்றாவது நாள். வழக்காளி தரப்பு முதனிலை ஆட்சேபம் எழுப்பியது. 14 நாளுக்குள் சட்டப்படியான விண்ணப்பம் எதுவும் இல்லை என்று கண்ட நீதிமன்றம் விண்ணப்பத்தை மறுத்தது. இதுவே 0ஆம் நாள் கட்டளை.

பதினோராவது நாள் பத்திரத்திலேயே காரணம் இருந்தது, ஆதாரமும் இணைக்கப்பட்டிருந்தது; பிந்தி வந்த மனுவை அதன் தொடர்ச்சியாகக் கொள்ளலாமா என்பது வாதிடத்தக்க கேள்வி. வென்றிருக்கும் என்று சொல்வதற்கில்லை. கேட்கப்பட்டிருக்க வேண்டும்.

கட்டளை நாளும் அதன் பின்னும்

ஒருதலைத் தீர்ப்பை நீக்க மறுக்கும் கட்டளைக்கு எதிராக 88(2) பிரிவு மேன்முறையீட்டு உரிமை தருகிறது. அனுமதி கேட்கத் தேவையில்லை. 754(4)இன்படி 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல், 755(3)இன்படி 60 நாளுக்குள் மேன்முறையீட்டு மனு. இரண்டும் அதே மாவட்ட நீதிமன்றத்திலேயே கொடுக்கப்படுபவை.

இரண்டு காலங்களையும் ஒரே விதமாக எண்ணுவது அடிக்கடி நடக்கும் பிழை. 14 நாள் கணக்கில் கட்டளை நாள், தாக்கல் செய்யும் நாள், ஞாயிறு, பொது விடுமுறை ஆகியவை சேராது, சனிக்கிழமை சேரும். இந்த வழக்கில் அடுத்த கிழமைப் புதன் போயா விடுமுறை. எனவே புதனில் தொடங்கி எண்ணினால் பதினான்காவது நாள் 17ஆம் நாளான வெள்ளி. 60 நாளுக்கு அந்தச் சலுகை இல்லை. ஞாயிறும் போயாவும் உட்பட நேரே ஓடும்.

கட்டளை வாசிக்கப்பட்டபோது எதிராளி மன்றில் இல்லை. 6ஆம் நாள், திங்கட்கிழமை, மகள் தொலைபேசியில் கேட்டபோதுதான் விடயம் தெரிந்தது. அப்போதும் அந்தத் திங்களையும் சேர்த்துப் பத்து நாள் மிச்சம். சட்டத்தரணியின் அலுவலகத்தில் இருந்த எழுதுவினைஞர் சொன்னது இது:

“மகள், இதுக்கு ரிவிஷன் போடலாம். ரிவிஷனுக்கு நாள்கணக்கு இல்ல. ஆறுதலாப் போடுவம்.”

இந்த வழக்கு அந்த இடத்தில்தான் சாய்ந்தது. ரிவிஷன் எனப்படும் மீளாய்வுக்கு, அதாவது கீழ் நீதிமன்றக் கட்டளையை மேல் நீதிமன்றம் சரிபார்க்கும் நடவடிக்கைக்கு, சட்டம் நாள் குறிக்கவில்லை என்பது சரி. அந்தச் சொற்றொடரின் மறுபாதியை யாரும் சொல்லவில்லை: மீளாய்வு உரிமையல்ல, நீதிமன்றத்தின் தற்றுணிபு. மேன்முறையீட்டு உரிமை இருந்தும் ஏன் பயன்படுத்தவில்லை, ஏன் இவ்வளவு நாள் என்ற இரு கேள்விக்கும் மனுவே பதில் சொல்ல வேண்டும். அதற்கு மேல் விசேட சூழ்நிலையும் காட்ட வேண்டும்.

மகள் 9ஆம் நாள் நகரத்தில் வேறொரு சட்டத்தரணியைச் சந்தித்தார். அவர் அறிவித்தலை எழுதித்தர ஆயத்தமாக இருந்தும் கையொப்பமிட முடியாதென்றார். பழைய புறொக்சி வழக்குக் கோவையில் உயிரோடு இருக்கும்வரை அறிவித்தலில் கையொப்பமிட வேண்டியவர் பதிவிலுள்ள சட்டத்தரணியே. அதை நீதிமன்ற அனுமதியுடன் இரத்துச் செய்துவிட்டுப் புதியதைப் போட வேண்டும். இரண்டு மூன்று நாள் வேலை. பழையவரின் மனம் நோகும் என்று குடும்பம் தயங்கியது. 17ஆம் நாள் கடந்தது.

318 நாளின் கூறுகள்

மீளாய்வு மனு மாகாணக் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்தில் தாக்கலானது 318ஆம் நாள். பிந்திப் பார்க்கும்போது அந்தக் காலம் ஒரே துண்டாக இல்லை.

0 முதல் 20 வரை: மேலே சொன்ன தயக்கம். 20ஆம் நாள் உறுதிப்படுத்தப்பட்ட பிரதிக்கு விண்ணப்பம்.

20 முதல் 62 வரை, 42 நாள்: பிரதிக்கான காத்திருப்பு. பலர் இதை அசைக்க முடியாத காரணமென நம்புகிறார்கள். மேன்முறையீட்டு மனுவுக்குப் பிரதி தேவையே இல்லை. மூலக் கோவை அதே கட்டடத்தில் கிடக்கிறது. மீளாய்வுக்கு ஆவணங்கள் தேவைதான். ஆனால் மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் 1990ஆம் ஆண்டு நடைமுறை விதிகளில் 3ஆம் விதியே வழி சொல்கிறது: ஓர் ஆவணத்தை உடனே இணைக்க முடியாவிட்டால் காரணத்தைக் கூறி, பின்னர் சமர்ப்பிக்க அனுமதி கேட்கலாம். மாகாண நீதிமன்றத்திலும் அதே முறையில் கேட்டிருக்கலாம்.

62 முதல் 97 வரை: நான்கு நாள் இடைவெளிக்குப் பின் 66ஆம் நாள் எதிராளி மீண்டும் வைத்தியசாலையில். ஒன்பது நாள் வாட், பிறகு கிளினிக். டயக்னோசிஸ் காட், கிளினிக் கொப்பி, மருந்துத் துண்டு எல்லாம் வீட்டில் பொலித்தீன் பையில் பத்திரமாக இருந்தன.

97 முதல் 206 வரை, 109 நாள்: சமாதானப் பேச்சு. வழக்காளியே வீட்டுக்கு வந்து, “மாமி, வழக்கு வழக்கா இருக்கட்டும், குடும்பத்துக்குள்ள பேசித் தீர்ப்பம்” என்றிருக்கிறார். கோயில் நிருவாகத்தினர் இருவர் முன்னிலையில் மூன்று தடவை பேச்சு. கிணற்றோடு 15 பேர்ச் விட்டுத்தருவதாக ஒரு கதை. எழுத்தில் எதுவும் இல்லை. மகளின் தொலைபேசியில் வழக்காளியின் குரல் பதிவுகள் ஆறு இருந்தன. 206ஆம் நாள் காலையில் பிஸ்கால் டிக்கிரியை நடைமுறைப்படுத்தும் நிறைவேற்று எழுத்தாணையுடன் வந்து வளவை வழக்காளியிடம் ஒப்படைத்தபோதுதான் பேச்சு முடிந்ததென்று தெரிந்தது.

206 முதல் 262 வரை, 56 நாள்: மாரிமழை, வெள்ளம், பணம். நகை ஈடு வைத்துப் பணம் புரட்டிய காலம். இதற்குள் 247ஆம் நாள் வழக்காளி வளவை வெளியார் ஒருவருக்கு உறுதி முடித்து விற்றார். வாங்கியவர் அத்திவாரம் வெட்டினார்.

262 முதல் 318 வரை, இன்னொரு 56 நாள்: கோவை கொழும்புச் சட்டத்தரணி ஒருவரிடம் போய், திருத்தத்துக்காக இரண்டு முறை திரும்பி வந்தது.

மனுவில் இருந்தது என்ன

மனு 34 பந்தி. உறுதிகளின் வரலாறு, ஆட்சி, சத்திரசிகிச்சை, 86(2)இன் வியாக்கியானம் எல்லாம் நன்றாக எழுதப்பட்டிருந்தன. தாமதத்துக்கு ஒரே பந்தி, அதுவும் 31ஆவதாக: உறுதிப்படுத்தப்பட்ட பிரதி பெறுவதில் ஏற்பட்ட சுணக்கம், சுகவீனம், பணநெருக்கடி ஆகியவற்றால் இம்மனுவை முன்னரே தாக்கல் செய்ய இயலவில்லை, அது வேண்டுமென்று செய்ததல்ல. சத்தியக்கடதாசி அந்த வாக்கியத்தை அப்படியே மறுபடி சொன்னது. திகதி ஒன்றுமில்லை. இணைப்பும் இல்லை. பொலித்தீன் பை வீட்டிலேயே கிடந்தது. சமாதானப் பேச்சைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அது பலவீனமாகத் தெரியும் என்று விட்டுவிட்டார்கள்.

இன்னும் இரண்டு குறை. 88(2) மேன்முறையீட்டை ஏன் நாடவில்லை என்பதற்கு விளக்கமே இல்லை. வளவை வாங்கியவர் எதிர்மனுதாரராகச் சேர்க்கப்படவில்லை. 247ஆம் நாள் உறுதியைப் பற்றி மனுதாரர் (மாவட்ட நீதிமன்ற எதிராளி) தரப்பு காணிப் பதிவகத்தில் தேடியும் பார்க்கவில்லை.

ஆட்சேபமும் முடிவும்

எதிர்த்தரப்பான வழக்காளி தரப்பு அதிகம் மெனக்கெடவில்லை. மனுதாரர் தாமே இணைத்த கட்டளைப் பிரதியின் கடைசிப் பக்கத்தைப் புரட்டிக் காட்டியது. பின்புறத்தில் பதிவாளரின் முத்திரையும், விண்ணப்பித்த திகதியும், வழங்கிய திகதியும் நீல மையில் இருந்தன. பிரதி 62ஆம் நாளே கிடைத்துவிட்டது. மிச்சம் 256 நாளுக்குப் பிரதி காரணமாக முடியாது. முதல் காரணத்தை மனுதாரரின் இணைப்பே அடித்துப் போட்டது.

சுகவீனத்துக்கு ஆவணம் இல்லை. பணநெருக்கடிக்குச் சொல்லப்பட்ட பதில் சுருக்கமானது: 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ் அமைந்த சட்ட உதவி ஆணைக்குழுவுக்கு மட்டக்களப்பிலேயே நிலையம் இருக்கிறது, அங்கு விண்ணப்பித்ததாக மனுவில் எங்கும் இல்லை.

இரு தரப்பும் முன்தீர்ப்புகளை வைத்தன. எதிர்த்தரப்பு காட்டியது இந்தப் பக்கத்துக்கே பழக்கமான ஒன்று: அம்பாறை நீதவான் நீதிமன்ற வழக்கிலிருந்து எழுந்து, உகணைப் பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரியை எதிர்த்தரப்பாகக் கொண்ட, மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் 907/89ஆம் இலக்க மீளாய்வு. அதில் நான்கு மாதத் தாமதமே விண்ணப்பத்தை முடித்துவிடப் போதுமானதாகக் கொள்ளப்பட்டது. மனுதாரர் தரப்பு, இலங்கைச் சட்ட அறிக்கைகள் 1998, முதலாம் தொகுதி, 391ஆம் பக்கத்தில் உள்ள உயர் நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டியது: தாமதம் மீளாய்வுக்குப் பாதகமா என்பது ஒவ்வொரு வழக்கின் சூழ்நிலையையும் பொறுத்தது. அந்தத் தீர்ப்பு உண்மையிலேயே துணை நிற்கக்கூடியது. ஆனால் சூழ்நிலையை வைத்துத் தீர்மானியுங்கள் என்று கேட்பவர் சூழ்நிலையைக் கோவையில் வைத்திருக்க வேண்டும். 31ஆம் பந்தியில் சூழ்நிலை இல்லை.

வாய்மூல வாதத்தில் சமாதானப் பேச்சும் குரல் பதிவுகளும் முதன்முறையாக வெளிவந்தன. சத்தியக்கடதாசியில் இல்லாததைச் சட்டத்தரணி மேடையிலிருந்து சாட்சியமாக்க முடியாதென நீதிமன்றம் அதை எடுக்கவில்லை. மேன்முறையீட்டு உரிமையைப் பயன்படுத்தாதது விளக்கப்படவில்லை, 318 நாள் தாமதம் விளக்கப்படவில்லை, இடையில் மூன்றாம் ஆளின் உரிமை புகுந்துவிட்டது. இந்த மூன்று காரணத்துக்காகவும் மனு செலவுத்தொகையுடன் தள்ளுபடியானது. உறுதிகளைப் பற்றியோ ஆட்சியைப் பற்றியோ கட்டளையில் ஒரு வரியும் இல்லை.

பழைய சட்டத்தரணியின் பிழைதான் எல்லாம் என்ற வாதமும் வைக்கப்பட்டது. சட்டத்தரணியின் கவனக்குறைவு, எதிர்பாராத தவறு இரண்டையும் நீதிமன்றங்கள் வேறாகவே பார்க்கின்றன. முதலாவதன் சுமை பொதுவாகக் கட்சிக்காரர் தலையில்தான். இங்கே அவரிடமிருந்து ஒரு சத்தியக்கடதாசி பெறவும் எவரும் முயலவில்லை.

மாற்றிச் செய்திருக்க வேண்டியவை

9ஆம் நாளிலேயே புறொக்சியை மாற்றியிருக்க வேண்டும். அல்லது பழையவரிடமே போய் அறிவித்தலில் கையொப்பம் வாங்கியிருக்கலாம். அதற்கு ஒரு காலைப்பொழுது போதும். மீளாய்வுதான் நோக்கம் என்றாலும், நிறைவேற்றத்தை விரைவாக நிறுத்தும் தேவைக்காக மீளாய்வை நாடுவதில் நியாயம் இருந்தாலும், மேன்முறையீட்டு அறிவித்தலைத் தாக்கல் செய்துவைப்பது எந்த வழியையும் அடைக்காது. அறிவித்தலில் வேறு பிழை இருந்தால் 759(2) பிரிவு காப்பாற்றக்கூடும். எதிர்த்தரப்புக்குப் பாரிய பாதகம் இல்லையென்றால் குறையைப் பொறுக்க அது இடம் தருகிறது. அந்தப் பிரிவு வெளிப்படையாக விலக்கி வைத்திருப்பது காலக்கெடுவை மட்டும். அவசரத்தில் பிழையாகப் போட்ட அறிவித்தல், ஆறுதலாகப் போட்ட நல்ல அறிவித்தலை விடப் பெறுமதியானது.

17ஆம் நாள் தவறிய பிறகும் 765ஆம் பிரிவு இருந்தது. காலம் கடந்த மேன்முறையீட்டை ஏற்கும்படி கேட்க அது வழிவிடுகிறது. தன் கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்ட காரணத்தால் தடைப்பட்டார், மேன்முறையீட்டில் நல்ல காரணம் இருக்கிறது, இடையில் மறுதரப்புக்கு அநீதியாகும் எதுவும் நடக்கவில்லை என மூன்றையும் காட்ட வேண்டும். 20ஆம் நாளில் மூன்றாவது எளிதாக நிறைவேறியிருக்கும். 247ஆம் நாள் உறுதிக்குப் பிறகு அந்தப் பேச்சே இல்லை.

318ஆம் நாளில் தாக்கல் செய்வது தவிர வேறு வழியில்லாத நிலையிலும் மனுவை வேறு விதமாக எழுதியிருக்கலாம். தாமதத்தைக் கூறு கூறாகப் பிரித்து, ஒவ்வொரு கூறுக்கும் தொடக்கத் திகதி, முடிவுத் திகதி, ஓர் ஆவணம், அதைத் தன்னறிவில் சொல்லக்கூடிய ஓர் ஆள் என்று வைக்க வேண்டும். 181ஆம் பிரிவின்படி சத்தியக்கடதாசி செய்பவர் தான் நேரில் அறிந்ததையே சொல்லலாம். கொழும்புக்குக் கோவை போய்வந்ததை வாட்டில் கிடந்த தாய் சொல்ல முடியாது. அதை மகள் சொல்ல வேண்டும். வெள்ளத்தில் பாதை துண்டிக்கப்பட்ட நாட்களைக் கிராம உத்தியோகத்தரின் கடிதம் சொல்ல வேண்டும். பேச்சுவார்த்தையைக் கோயில் நிருவாகத்தினரில் ஒருவர் சொல்ல வேண்டும். கடைசி இரு 56 நாட்களுக்கும் முழு விளக்கம் கிடையாது. அதை ஒப்புக்கொண்டு எழுதியிருந்தால் மற்ற கூறுகளாவது நம்பப்பட்டிருக்கும்.

109 நாள் பேச்சை மறைத்ததுதான் மிகப் பெரிய தவறான முடிவு என்பது எமது கணிப்பு. உரிமையை வைத்துக்கொண்டு பேச்சில் காத்திருந்ததை நீதிமன்றங்கள் இலேசில் மன்னிப்பதில்லை, உண்மை. ஆனால் பேச்சுக்கு அழைத்தவர் வழக்காளி, பேச்சு நடக்கும்போதே எழுத்தாணைக்கு விண்ணப்பித்தவரும் அவரே. குரல் பதிவுகளை எழுத்தில் பெயர்த்து இணைத்திருந்தால், மூன்றாம் ஆளுக்கு விற்றதை வழக்காளி தனக்குச் சாதகமாகக் காட்டும்போது எதிர்த்துச் சொல்ல ஒரு சொல் இருந்திருக்கும்.

பேச்சுக்கு உட்காரும் நாளிலேயே நிறைவேற்றத்தை இன்ன திகதிவரை நிறுத்துவதாக இரு தரப்பும் கையொப்பமிட்ட நகர்த்தல் பத்திரமொன்றைக் கோவையில் போடுவது பத்து நிமிட வேலை. வழக்காளி அதற்கு மறுத்திருந்தால் பேச்சின் இலட்சணம் 97ஆம் நாளிலேயே தெரிந்திருக்கும்.

பின்னர்

மேல் நீதிமன்றத்தின் கட்டளைக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் அனுமதி கேட்க ஆறு வாரம், 42 நாள். இம்முறை மகள் கலண்டரில் வட்டமிட்டு வைத்திருந்தார். பிரதிக்கு மறுநாளே விண்ணப்பித்து, அது வரும்வரை காத்திராமல் ஆலோசனை பெற்றார். 31ஆம் பந்தியை உயர் நீதிமன்றத்தில் புதிதாக எழுத முடியாது, வாங்கியவரின் கட்டடம் கூரைமட்டம் வந்துவிட்டது, செலவு தாங்காது என்று சொல்லப்பட்டது. மேல் நீதிமன்றக் கட்டளையிலிருந்து 35ஆம் நாள், போவதில்லை என்று குடும்பம் முடிவெடுத்தது. தாய் இப்போது வாவிக்குக் கிழக்கே, எழுவான்கரையில் மகளின் வீட்டில் இருக்கிறார். பழைய சட்டத்தரணியின் பெயரிலான புறொக்சி மாவட்ட நீதிமன்றக் கோவையில் இன்னும் இரத்துச் செய்யப்படாமலே கிடக்கிறது.